கொரியர்களும் கோல்ஃபும்

லண்டன் வாட்டர்லூ நிலையத்திலிருந்து தென்மேற்கே போகும் ரயிலில் ஏறினால் அரை மணிக்குள் நியூ மால்டன் வந்துவிடும். இறங்கி ஹை ஸ்ட்ரீட்டில் நடந்தால் கடைப்பலகைகளில் வரிசையாகக் கொரிய எழுத்துக்கள்: மளிகைக்கடை, முடிதிருத்துபவர், பல் மருத்துவர், பேக்கரி. ஐரோப்பாவில் கொரியர்கள் இவ்வளவு நெருக்கமாகக் குடியிருக்கும் இடம் வேறு அதிகமில்லை. ஒரு காலத்தில் தென்கொரியத் தூதர் இந்தப் பக்கம் குடியிருந்ததும், சாம்சங்கின் பிரிட்டிஷ் அலுவலகம் சில வருடங்கள் இங்கே இயங்கியதும் காரணம் என்பார்கள். வடகொரியாவிலிருந்து தப்பி வந்தவர்களும் சில நூறு பேர் இங்கு உண்டு. 2023 நவம்பரில் தென்கொரிய அதிபர் அரசுமுறைப் பயணமாக வருவதற்குச் சில நாட்கள் முன்பு மன்னர் சார்லஸ் இந்தத் தெருவுக்குத்தான் வந்து போனார்.

நம்மவர்களும் இங்கே குறைவில்லை. விம்பிள்டன் பிள்ளையார் கோவிலும் டூட்டிங் தோசைக்கடைகளும் பக்கத்தில்தான். கிங்ஸ்டன் வட்டாரத்தில் ஆங்கிலத்துக்கு அடுத்து அதிகம் பேசப்படும் மொழிகளின் பட்டியலை எடுத்தால் தமிழும் கொரியமும் முன்வரிசையில் வரும். ஆகவே என் பக்கத்து வீட்டில் ஒரு கொரியர் குடிவந்ததில் ஆச்சரியம் ஒன்றுமில்லை. சியோலில் உள்ள ஒரு பெரிய நிறுவனம் அவரை நான்கு வருடத்துக்கு லண்டன் அனுப்பியிருந்தது. மனைவி, ஏழு வயது மகள், நான்கு கோல்ஃப் பைகள். ஆளுக்கு ஒன்று வைத்தாலும் ஒன்று மிச்சம். விருந்தாளிக்காம்.

வந்த மாதமே வேலிக்கு மேலாகப் பேச்சுக் கொடுத்தேன். லண்டனில் என்ன பிடித்திருக்கிறது என்று கேட்டால் எல்லோரும் அருங்காட்சியகம், பூங்கா என்று ஏதாவது சொல்வார்கள். அவர் யோசிக்கவே இல்லை. "கோல்ஃப் மலிவு" என்றார்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எனக்குத் தெரிந்த கோல்ஃப் என்பது கிண்டி ரேஸ் கோர்ஸ் மதிலுக்கு அந்தப்பக்கம் யாரோ ஆடுவது. சென்னையில் வேலை பார்த்த நாட்களில், விமான நிலையத்தில் கொரியர்கள் நம் ஆட்கள் ஊறுகாய்ப் பெட்டி கொண்டுவருவது போல கோல்ஃப் பையோடு இறங்குவதைப் பார்த்திருக்கிறேன். ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கார்த் தொழிற்சாலைக்கு வருகிற மனிதர்களுக்கு இது எதற்கு என்று தோன்றும். அதன் விடை எனக்குப் பத்து வருடம் கழித்து நியூ மால்டனில் வேலி ஓரத்தில் கிடைத்தது. விடை என்பதைவிடக் கணக்கு என்று சொல்லலாம். நானும் பொறியியல் படித்தவன், அவரும் அப்படியே. இருவருக்கும் கணக்கில்தான் பேச வரும்.

அவர் போட்ட கணக்கு இது. சியோலுக்குப் பக்கத்தில் வார இறுதியில் ஒரு ஆட்டம், அதாவது 18 குழி ஆட, மைதானக் கட்டணம் தலைக்குச் சுமார் இரண்டரை லட்சம் வொன். பெரும்பாலான மைதானங்களில் கேடி எனப்படும் உதவியாளரை அமர்த்தியே ஆகவேண்டும். நான்கு பேருக்குச் சேர்த்து ஒன்றரை லட்சம். மின்வண்டிக்கு ஒரு லட்சம். ஆட்டத்துக்கு நடுவே ஒரு கொட்டகையில் நிறுத்திச் சாப்பாடு. அதற்கு அவர்கள் மொழியில் 'நிழல்வீடு' என்று அழகான பெயர், விலைதான் அழகாக இருக்காது. முடிந்ததும் குளியல், மறுபடி சாப்பாடு. ஆகமொத்தம் தலைக்கு மூன்றரை லட்சம் வொன் தாண்டும். நம் பணத்தில் இருபதாயிரம் ரூபாய்க்கு மேல். இதே மனிதர் இங்கே ரிச்மண்ட் பூங்காவில் உள்ள பொது மைதானத்தில் சில பத்துப் பவுண்டு கொடுத்து, பையைத் தானே இழுத்துக்கொண்டு போய் ஆடிவிட்டு வந்துவிடுகிறார்.

ஏன் இந்த வித்தியாசம்? முதல் காரணம் வெளிப்படையானது. தென்கொரியாவில் ஐந்து கோடிக்குச் சற்று அதிகமான மக்கள், தமிழ்நாட்டைவிடச் சிறிய நிலப்பரப்பில் இருக்கிறார்கள். அதில் பெரும்பகுதி மலையும் காடும். ஒரு 18 குழி மைதானத்துக்கு நூறு ஏக்கருக்கு மேல் வேண்டும். மலையை வெட்டிச் சரிவைச் சமன்செய்து புல் வளர்க்கவேண்டும். குளிர்காலத்தில் அந்தப் புல்லும் காய்ந்துவிடும்.

இரண்டாவது காரணம் வரி. கோல்ஃப் என்பது ஆடம்பரம் என்று அரசாங்கம் எழுபதுகளில் முடிவு செய்ததன் தொடர்ச்சி இன்னும் போகவில்லை. உறுப்பினர் முறையில் இயங்கும் மைதானத்துக்குள் ஒருவர் ஒருமுறை நுழைந்தால் தனிநபர் நுகர்வு வரி 12,000 வொன். அந்த வரிக்கு மேல் கல்வி வரி, விவசாய வரி, மதிப்புக்கூட்டு வரி என்று ஏறி 21,000 வொன்னைத் தாண்டிவிடும். காசினோவையும் குதிரைப் பந்தயத்தையும் வைத்திருக்கும் அதே பட்டியலில்தான் கோல்ஃபும் இருக்கிறது.

மூன்றாவது காரணம்தான் சுவாரசியமானது. நம்மூரில் ஒத்திக்கு வீடு எடுப்பது தெரியும் அல்லவா? மொத்தமாக ஒரு தொகையைக் கொடுத்துவிட்டு வாடகையில்லாமல் குடியிருப்பது, காலக்கெடு முடிந்தால் கொடுத்த தொகையைத் திரும்ப வாங்கிக்கொண்டு வெளியேறுவது. கொரியாவிலும் வீட்டுக்கு இதே முறை உண்டு, ஜொன்ஸே என்று பெயர். அவர்கள் கோல்ஃபையும் ஒத்திக்கு எடுக்கிறார்கள். மைதானம் கட்டுபவர் உறுப்பினர்களிடம் பெரிய வைப்புத்தொகை வாங்கி, வட்டியில்லாத அந்தப் பணத்தில் மலையை வெட்டுகிறார். உறுப்பினருக்கு மலிவுக் கட்டணமும், அதைவிட முக்கியமாக, சனிக்கிழமை காலை ஆட இடம் பிடிக்கும் உரிமையும் கிடைக்கும். வழக்கமாக ஐந்து வருடம் கழித்துப் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். ஆனால் நல்ல காலத்தில் யாரும் கேட்பதில்லை. ஏனென்றால் அந்த உறுப்பினர் பத்திரத்தை அதற்கென்றே இருக்கும் தரகர்கள் மூலம் பங்கு விற்பது போல லாபத்துக்கு விற்றுவிடலாம். அன்றாட விலைப்பட்டியல்கூட உண்டு. பெரிய மைதானங்களின் பத்திரம் ஒரு அடுக்குமாடி வீட்டின் விலைக்குப் போகும். வாங்குபவை பெரும்பாலும் நிறுவனங்கள்.

இந்த மாதிரி அமைப்பு எங்கே உடையும் என்று சீட்டுக் கம்பெனி பார்த்து வளர்ந்த நமக்குச் சொல்லத் தேவையில்லை. 2008 நிதி நெருக்கடிக்குப் பிறகு பத்திர விலைகள் வைப்புத்தொகைக்குக் கீழே இறங்கின. சந்தையில் விற்பதைவிட மைதானத்திடமே பணத்தைத் திரும்பக் கேட்பது லாபம் என்றானது. எல்லோரும் ஒரே நேரத்தில் கேட்டார்கள். பணமோ புல்லாகவும் மணலாகவும் மாறி மலைமேல் கிடந்தது. பல மைதானங்கள் நீதிமன்ற மேற்பார்வைக்குப் போய், உறுப்பினர் முறையைக் கைவிட்டுப் பொது மைதானங்களாக மாறின. பொது மைதானத்துக்கு அந்த நுழைவு வரி கிடையாது. ஆகவே விலை குறைந்திருக்கவேண்டும். ஆனால் 2020இல் கொரோனா வந்து, தாய்லாந்துக்கும் ஜப்பானுக்கும் பறந்து ஆடிக்கொண்டிருந்தவர்கள் எல்லாம் உள்ளூரில் மாட்டிக்கொள்ள, பொது மைதானங்களும் கட்டணத்தை ஏற்றின. வரிச்சலுகையை வாங்கிக்கொண்டு விலையையும் ஏற்றுகிறார்கள் என்று மக்கள் கத்தியபின், விலைக்கு உச்சவரம்பை ஏற்றுக்கொள்பவருக்கு மட்டுமே சலுகை என்று 2022இல் சட்டத்தைத் திருத்தவேண்டி வந்தது.

இவ்வளவு விலையிருந்தும் 2021இல் கொரிய மைதானங்களுக்கு வந்தவர்களின் வருகை எண்ணிக்கை ஐந்து கோடியைத் தாண்டியது. சராசரி பார்த்தால் தொட்டில் குழந்தை உட்பட ஆளுக்கு ஒரு ஆட்டம். பிற்பாடு கொஞ்சம் குறைந்தது என்றாலும் பெரிய வீழ்ச்சி இல்லை. விலை அதிகமாக இருந்தும் ஆடுகிறார்கள் என்று நான் சொன்னபோது பக்கத்து வீட்டுக்காரர் திருத்தினார். "இருந்தும் இல்லை. அதனால்தான்."

அவர் விளக்கியது இப்படி. ஒரு வாடிக்கையாளரை ஒரு மணி நேரம் சாப்பிட அழைக்கலாம், குடிக்க அழைக்கலாம். ஆனால் ஐந்து மணி நேரம் தொலைபேசியில்லாமல், வேறு யாரும் இல்லாமல், நான்கே பேராக நடக்க வேறு வழியில்லை. அதுவும் நான்கு பேர் சேர்ந்தால்தான் பல மைதானங்களில் இடமே கிடைக்கும். ஆகவே அழைக்கப்படுவது ஒரு கௌரவம், நால்வரில் ஒருவர் வராமல் போனால் பெரிய குற்றம். தனக்கென்று ஆகும் செலவு பெரியது என்று அழைப்பவருக்கும் தெரியும், அழைக்கப்பட்டவருக்கும் தெரியும். அந்தச் செலவுதான் செய்தி. நம் கல்யாணப் பந்தியில் எத்தனை வகைப் பாயசம் என்பது பசி சம்பந்தப்பட்டதா என்ன?

அப்புறம் குணம் தெரிந்துவிடும் என்றார். புதருக்குள் விழுந்த பந்தைக் காலால் நகர்த்துகிறவனோடு ஒப்பந்தம் போடலாமா என்பது கேள்வி. (இதைச் சொல்லும் அதே மனிதர்கள் முதல் குழியில் ஒரு சலுகை வைத்திருக்கிறார்கள். 'பார்' என்பது ஒரு குழிக்கு நிர்ணயித்த அடிகளின் எண்ணிக்கை. நால்வரில் ஒருவர் பார் எடுத்தால் மற்ற மூவருக்கும் பார் என்றே அட்டையில் எழுதிக்கொள்வார்கள். இதற்கு நான்கு அசையில் ஒரு சீனப் பழமொழி மாதிரி 'இல்பா மன்பா' என்று பெயர்.)

செலவு செய்தியாகும்போது அது லஞ்சமும் ஆகும் என்பதைக் கொரிய அரசியலே ஒத்துக்கொள்கிறது. 1993இல் பதவியேற்ற அதிபர் கிம் யோங்-சாம் தன் பதவிக்காலத்தில் கோல்ஃப் ஆடமாட்டேன் என்று அறிவித்தார். அதிகாரிகள் மட்டையை ஒளித்து வைத்தார்கள். 2006இல் பிரதமர் லீ ஹே-சான், ரயில்வே வேலைநிறுத்தம் நடந்த சமயத்தில் மார்ச் 1 தேசிய விடுமுறை அன்று தொழிலதிபர்களோடு கோல்ஃப் ஆடிய விவகாரத்தில் பதவி விலகினார். 2016 செப்டம்பரில் ஊழல் தடுப்புச் சட்டம் ஒன்று அமலுக்கு வந்தது. அதை முன்மொழிந்த நீதிபதியின் பெயரால் கிம் யோங்-ரான் சட்டம் என்பார்கள். அரசு ஊழியருக்கும் ஆசிரியருக்கும் பத்திரிகையாளருக்கும் வாங்கிக்கொடுக்கும் சாப்பாடு 30,000 வொன்னுக்குள் இருந்தால் பரவாயில்லை, கோல்ஃப் உபசரிப்பு மட்டும் எந்த விலையிலும் கூடாது என்று வைத்தார்கள்.

இதுவரை சொன்னது ஆண்கள், அதிலும் கோட்டுப் போட்ட ஆண்கள் கதை. கொரிய கோல்ஃப் என்றதும் உலகம் நினைப்பது பெண்களை. அந்தக் கதை 1998இல் தொடங்குகிறது.

1997 இறுதியில் கொரியப் பொருளாதாரம் சரிந்து, சர்வதேச நிதியத்திடம் கைநீட்ட வேண்டியதாயிற்று. நாட்டின் கடனை அடைக்க ஜனங்கள் கல்யாண மோதிரத்தையும் குழந்தையின் முதல் பிறந்தநாள் மோதிரத்தையும் கொண்டுவந்து கொடுத்தார்கள். இருநூறு டன்னுக்கு மேல் தங்கம் சேர்ந்தது. தினம் ஒரு நிறுவனம் மூடப்பட்ட அந்த 1998 ஜூலையில், இருபது வயதுப் பாக் செ-ரி அமெரிக்காவின் விஸ்கான்சினில் நடந்த அமெரிக்கப் பெண்கள் ஓப்பன் போட்டியில் சமநிலையில் முடித்து, மறுநாள் மறுபடி 18 குழி ஆடினார். கடைசிக் குழியில் பந்து நீர்நிலைக் கரையில் போய் நின்றது. காலணியையும் காலுறையையும் கழற்றிவிட்டுத் தண்ணீரில் இறங்கி அடித்தார். வெயிலில் கறுத்த கால், அதற்குக் கீழே வெள்ளைவெளேர் என்று பாதம். இன்னும் இரண்டு குழி ஆடி வென்றார். அந்தப் பாதங்கள் கொரியத் தொலைக்காட்சியில் திரும்பத் திரும்ப வந்தன. ஹூண்டாய் சென்னையில் கார் செய்யத் தொடங்கியதும் அதே 1998தான். எனக்கு அந்த வருடம் சாண்ட்ரோ காராகத்தான் ஞாபகம்.

பாக் செ-ரி 2001இல் லண்டனுக்கு மேற்கே உள்ள சன்னிங்டேலில் பிரிட்டிஷ் பெண்கள் ஓப்பனையும் வென்றார். இரண்டாமிடம் வந்தவரும் கொரியர். ஏழு வருடம் கழித்து அதே சன்னிங்டேலில் ஷின் ஜி-யே வென்றார், அவரும் இருபது வயதில். 1998 ஆட்டத்தைச் சிறுமியாகப் பார்த்தவர்களை 'செ-ரி பிள்ளைகள்' என்கிறார்கள். அமெரிக்கப் பெண்கள் ஓப்பனை 2008 முதல் 2013 வரை ஆறு வருடங்களில் ஐந்து முறை கொரியப் பெண்கள் வென்றார்கள். அவற்றில் இரண்டு பாக் இன்-பீயுடையது. 112 வருடம் கழித்து 2016இல் ஒலிம்பிக்ஸில் கோல்ஃப் திரும்பியபோது பெண்கள் தங்கமும் அவருக்குத்தான். 2008இல் அமெரிக்கப் பெண்கள் சுற்று, ஆங்கிலம் பேசத் தெரியாதவர்களை இடைநீக்கம் செய்வோம் என்று ஒரு விதி கொண்டுவரப் பார்த்துக் கண்டனத்தில் சில நாட்களிலேயே வாபஸ் வாங்கியது. யாரை மனதில் வைத்து என்று கேட்கவேண்டியதில்லை.

நமக்கு இது புரியும். விஸ்வநாதன் ஆனந்த் 1988இல் கிராண்ட்மாஸ்டர் ஆனார். அடுத்த தலைமுறையில் சென்னை வீடுகளில் செஸ் போர்டு முளைத்தது. 2024இல் பதினெட்டு வயது குகேஷ் உலகச் சாம்பியன். ஒருவர் கதவைத் திறந்தால் பின்னால் ஒரு வரிசை வரும் என்பது இரண்டிலும் ஒன்றே. ஆனால் செஸ் போர்டு சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும், செலவு பயணத்திலும் பயிற்சியாளரிடமும்தான். கோல்ஃபில் பயிற்சிக்காக ஒரு பெண் புல்லில் காலை வைப்பதற்கே காசு. மகளுக்காக வீட்டை விற்ற, வேலையை விட்ட, அவள் பையைத் தானே சுமந்து சுற்றிய அப்பாக்களைக் கொரியர்கள் 'கோல்ஃப் அப்பா' என்பார்கள். லட்சம் பேரில் ஒருத்திக்குத்தான் பரிசுப்பணம் என்று தெரிந்தே போடும் முதலீடு. பாக் செ-ரியின் அப்பாவே இதற்கு முதல் உதாரணம். தைரியம் வர மகளை இரவில் இடுகாட்டுக்கு அழைத்துப் போனார் என்று அவரைப் பற்றிய கதை வெகு பிரபலம். அப்பாவின் கடன்களைப் பல வருடம் தானே அடைத்து வந்ததாக 2024 ஜூனில் செய்தியாளர்கள் முன்னால் மகள் கண்கலங்கிச் சொன்னார். முதலீடு வென்ற வீட்டிலேயே கணக்கு இப்படி முடிந்தது.

ஒருநாள் என் மகளின் பரதநாட்டிய அரங்கேற்றம் பற்றிப் பேச்சு வந்தது. லண்டனில் மண்டப வாடகை, சென்னையிலிருந்து வரும் பக்கவாத்தியக்காரர்களின் விமானச்சீட்டு, உடை, ஐந்நூறு பேருக்குச் சாப்பாடு என்று தெரிந்தவர்கள் வீட்டில் ஆன தொகையைச் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு மரியாதையாகக் கேட்டார்: "பரிசுப்பணம் எவ்வளவு?"

அவர் மகள் தினமும் பள்ளிவிட்டு ஏ3 சாலையோரப் பயிற்சி மைதானத்தில் நூறு பந்து அடிப்பாள். இங்கே கூடை நிறையப் பந்து சில பவுண்டுதான்.

இந்த மலிவுக்கு வெள்ளைக்காரனின் தாராளம் காரணமில்லை, நிலச்சட்டம் காரணம். லண்டனைச் சுற்றிப் பசுமை வளையம் என்று ஒரு பெரும் பரப்பில் வீடு கட்ட அனுமதி கிடையாது. வீடு கட்ட முடியாத நிலத்தை வேறு என்ன செய்வது? கோல்ஃப் ஆடலாம். சர்ரே மாவட்டத்தில் வீடுகள் நிற்கும் நிலத்தைவிட கோல்ஃப் மைதானங்கள் பிடித்திருக்கும் நிலம் அதிகம் என்று லண்டன் பொருளாதாரக் கல்லூரியின் பேராசிரியர் பால் செஷயர் சுட்டிக்காட்டியது இங்கே பெரிய விவாதமானது. அதாவது என்னைப் போல வீட்டுக்கடனில் மூழ்கியிருப்பவர்கள் கொடுக்கும் அதிக விலையும், பக்கத்து வீட்டுக்காரர் கொடுக்கும் குறைந்த மைதானக் கட்டணமும் ஒரே சட்டத்தின் இரண்டு பக்கங்கள். இதைச் சொன்னதும் அவர் மனமார நன்றி சொன்னார்.

அந்த நிலம் வேறு உபயோகத்துக்குத் திறக்கும்போது உண்மை விலை தெரியும். விம்பிள்டன் டென்னிஸ் நடத்தும் சங்கம் எதிரே இருந்த கோல்ஃப் மைதானத்தில் புதிய களங்கள் அமைக்க, 2018இல் கோல்ஃப் சங்கத்தின் குத்தகை உரிமையை ஆறரைக் கோடிப் பவுண்டுக்கு வாங்கியது. உறுப்பினர் ஒவ்வொருவருக்கும் எண்பதாயிரம் பவுண்டுக்கு மேல் கிடைத்தது. ஆசிய முறையும் ஒருமுறை எட்டிப்பார்த்தது. சர்ரேயின் புகழ்பெற்ற வென்ட்வொர்த் சங்கத்தை 2014இல் ஒரு சீனக் குழுமம் வாங்கி, அடுத்த வருடமே, தொடர விரும்பும் உறுப்பினர்கள் ஒரு லட்சம் பவுண்டுக்குக் கடன்பத்திரம் வாங்கவேண்டும் என்று அறிவித்தது. பழைய உறுப்பினர்கள் போர்க்கொடி தூக்கினார்கள். கொரியாவில் யாரும் புருவம் உயர்த்தியிருக்க மாட்டார்கள்.

மறுபக்கம், ரிச்மண்ட் பூங்காவின் இரண்டு மைதானங்களும் 1920களில் சங்கங்களில் இடம் கிடைக்காத சாதாரண ஜனங்களுக்காகவே திறக்கப்பட்டவை. விம்பிள்டன் பொதுவெளியிலும் ஆடலாம், ஒரே நிபந்தனை, நடைபயிற்சி செய்பவர்களுக்குத் தெரியும்படி சிவப்பு மேலாடை அணியவேண்டும். ஒரு மார்கழிக் காலையில் சிவப்பு ஸ்வெட்டரில் வாசலில் நின்ற பக்கத்து வீட்டுக்காரரைத் தபால்காரர் என்று நினைத்துக் கதவைத் திறந்திருக்கிறேன்.

கொரியாவிலும் மலிவு கோல்ஃப் வராமல் இல்லை. மைதானத்தை விட்டுவிட்டார்கள், அவ்வளவுதான். சாம்சங்கில் இருந்து வெளியேறிய கிம் யோங்-சான் என்பவர் 2000இல் தேஜோன் நகரில் கோல்ஃப்ஸோன் நிறுவனத்தைத் தொடங்கினார். ஒரு அறை, முன்னால் திரை, கையில் நிஜ மட்டை, நிஜப் பந்து. அடித்தால் பந்து மூன்று நான்கு மீட்டரில் திரையில் மோதி விழுந்துவிடும். திரையிலோ அது இருநூறு மீட்டர் பறந்து குளத்தில் விழும். என் தொழில் காரணமாக எனக்கு இதில் தனி ருசி. மட்டையும் பந்தும் தொட்டுக்கொண்டிருப்பது ஒரு வினாடியில் இரண்டாயிரத்தில் ஒரு பங்கு நேரம். அதற்குப் பிறகு பந்து என்ன ஆகும் என்பது கிளம்பும் வேகம், கோணம், சுழற்சி மூன்றிலேயே அடங்கியிருக்கிறது. அதிவேகக் கேமரா இவற்றை முதல் சில சென்டிமீட்டரில் பிடித்துவிட்டால் மீதி எல்லாம் கணக்கு. காற்றின் தடை ஒரு பக்கம்; பின்சுழற்சியால் பந்து மேலே தூக்கப்படுவது இன்னொரு பக்கம். இந்தத் தூக்கலை 1890களில் விளக்கியவர் எடின்பரோ பேராசிரியர் டெய்ட். அவர் மகன் பெரிய கோல்ஃப் ஆட்டக்காரர் என்பது கூடுதல் தகவல். கொரிய அறைகளில் நிற்கும் தட்டுகூட மைதானத்தின் சரிவுக்கு ஏற்பச் சாயும். மைதானத்தில் ஆகும் செலவில் பத்தில் ஒரு பங்கு கொடுத்து, அலுவலகம் விட்டு இரவு பத்து மணிக்கு, கோழி வறுவலும் பீரும் வைத்துக்கொண்டு ஆடலாம். ஆயிரக்கணக்கில் இருக்கின்றன இந்த அறைகள். ஆடம்பரம் என்று வரி போட்ட விளையாட்டு, மாடிப்படி ஏறிக் கடைத்தெருவுக்கு வந்துவிட்டது.

வந்தபின்னும் மைதானத்தின் விலை குறையவில்லை என்பதைக் கவனியுங்கள். அறையில் பழகியவர்கள் என்றாவது நிஜப் புல்லில் ஆடவேண்டும் என்று வரிசையில் சேர்ந்துகொண்டார்கள். உடை, மட்டை விற்பனையும் ஏறியது. 2011இல் டைட்டிலிஸ்ட் பந்துகளைத் தயாரிக்கும் அமெரிக்க நிறுவனத்தை ஃபிலா கொரியா தலைமையிலான குழு 122 கோடி டாலருக்கு வாங்கியது. 2021இல் டெய்லர்மேடை ஒரு கொரிய முதலீட்டு நிறுவனம் வாங்கியது.

சென்ற வருடம் பக்கத்து வீட்டுக்காரரின் நான்கு வருடம் முடிந்தது. மகளுக்குப் பதினொரு வயது, பிராந்தியச் சிறுவர் போட்டியில் ஆட ஆரம்பித்திருந்தாள். குழந்தையின் படிப்புக்காக மனைவியை வெளிநாட்டில் விட்டுவிட்டுத் தனியே ஊர் திரும்பிப் பணம் அனுப்பும் ஆண்களைக் கொரியர்கள் 'காட்டுவாத்து அப்பா' என்பார்கள். வருடத்துக்கு ஒருமுறை பறந்து வந்து பார்ப்பதால். அவரும் அதற்கே தயாராக இருந்தார். பிரிட்டிஷ் விசா விதியைப் படித்துப் பார்த்தோம். தனியார் பள்ளியில் படிக்கும் குழந்தையோடு தாய் தங்கலாம், ஆனால் குழந்தைக்குப் பன்னிரண்டு வயது ஆகும்வரைதான். இன்னும் ஏழு மாதம். பிறகு மகளை விடுதியில் தனியே விடவேண்டும். மூன்று வாரம் அந்த வீட்டில் இரவு வெகுநேரம் விளக்கு எரிந்தது. கடைசியில் மூவரும் சேர்ந்தே போவது என்று முடிவாயிற்று. மகள் என் மகளிடம் சொன்னாளாம், இனிமேல் திரைமுன்னால்தான் அடிக்கவேண்டும், மாதம் ஒருமுறை மைதானம் என்று அப்பா சத்தியம் செய்திருக்கிறார் என்று.

கிளம்புவதற்கு முந்திய ஞாயிறு என்னை ரிச்மண்ட் பூங்காவுக்கு இழுத்துப் போனார்கள். அவர், மனைவி, மகள், நான்காவதாக நான். விருந்தாளிப் பை எதற்கு என்று அன்றுதான் முழுதாகப் புரிந்தது. முதல்முறை மைதானத்தில் இறங்குவதைக் கொரியத்தில் 'கொண்டை போட்டுவிடுவது' என்பார்களாம், அந்தக் காலத்தில் பெண்ணுக்குக் கல்யாணத்தில் செய்வது போல. பந்தை முதல் முறை காற்றிலேயே வீசினேன். இரண்டாவது முறை மானிருக்கும் திசையில் போயிற்று. குழியில் விழும்போது பதினோரு அடி ஆகியிருந்தது. சிறுமி பார் எடுத்திருந்தாள். அவள் அப்பா பென்சிலை நாக்கில் தொட்டுக்கொண்டு அட்டையில் நான்கு பேருக்கும் பார் என்று எழுதினார்.